எட்டாவது தவணை

எனக்குப் பகலில்தான் தூக்கம். அதனால் இந்நேரத்தில் கொட்டாவி விட்டால் திமிர் என்று எழுதிவிடாதீர்கள், இன்ஸ்பெக்டர்.

கையுறைத் தொழிற்சாலையில் இரவு வேலை. சட்டப் படிப்பை இரண்டாம் ஆண்டில் விட்டவன். ஆனாலும் எங்கள் பழைய ரப்பர் தோட்டத்தில் என்னை ‘லாயர்’ என்றுதான் கூப்பிட்டார்கள். நான் திருத்தவில்லை.

தோட்டத்தை வாங்கிய நிறுவனம் நாங்கள் குடியிருந்த லயத்து வீடுகளை இடிக்க வந்தபோது தடையுத்தரவு கேட்டு மனு போட்டோம். முதல் மனுதாரர் நான். விசாரணை முடியும்வரை வீடுகளைத் தொடமாட்டோம் என்று நிறுவனம் வாக்குக் கொடுத்தது. பத்தொன்பது மாதம், ஏழு தவணை; ஏழு முறையும் வழக்கு ஒத்திவைப்பு. ஒவ்வொரு முறையும் முனியாண்டி கோயிலில் நான் தேங்காய் உடைத்த பிறகே நீதிமன்றத்துக்கு வேன் கிளம்பும். திரும்பி வந்து ‘தவணை’ என்பேன். யார் வீட்டிலாவது கோழிக்கறி இருக்கும். ஜெயிக்காமல், தோற்காமல் தலைவனாக இருப்பதற்கு வசதியான ஏற்பாடு.

மேல் நீதிமன்றம் அதைக் கெடுத்தது. தேங்கிக் கிடக்கும் தடையுத்தரவு மனுக்களை உடனே முடிக்கும்படி கீழ் நீதிமன்றங்களுக்கு உத்தரவு. சத்தியப் பிரமாணப் பத்திரத்தில் கையெழுத்துப் போட வரும்படி எங்கள் வழக்கறிஞர் ஷர்மினி மூன்று முறை அழைத்தார். காய்ச்சல் என்றேன். கையெழுத்து இல்லையென்றால் இன்னொரு தவணை கிடைக்கும் என்பது என் சட்ட அறிவு. ஊராரிடம் விசாரணை ஸூமில் என்று சொல்லி வேனை நிறுத்தினேன். புதன்கிழமை, பத்தே நிமிடத்தில் மனு தள்ளுபடியானது.

அன்று மாலை பத்துமலை மாமா வந்தார். ரப்பர் மரத்தில் பால் வெட்டிய பழைய ஆள், கடைசி வீட்டில் தனியாக இருப்பவர். எந்தக் காகிதம் வந்தாலும் தேதியிலிருந்து படிக்கச் சொல்வார். தோற்றால் சனிக்கிழமை லூமுட்டில் இருக்கும் மகள் வீட்டுக்குப் போக லோரி பேசி வைத்திருந்தார்.

“என்னா லாயரு, என்னா ஆச்சு?”

“தவணை போட்டுட்டாங்க மாமா.”

“நல்லதா போச்சு லா. லோரிய வேணாம்னு சொல்லிர்றேன்.”

வாய் பழகிவிட்டது. வேறு காரணம் இல்லை. ஊரில் மற்றவர்களிடமும் அதையே சொன்னேன்.

திங்கட்கிழமை காலை இயந்திரம் வந்தது. நிறுவனம் வாக்கு மாறிவிட்டது என்று கத்தினேன். எல்லாரும் நம்பி என்னோடு சேர்ந்து கத்தினார்கள். நிறுவனத்தின் மேற்பார்வையாளர் நீதிமன்ற உத்தரவை என் கையில் கொடுத்து, கடைசி வீட்டில் ஆள் உண்டா, இருந்தால் படித்துக் காட்டி அழைத்து வா என்றார்.

பத்துமலையின் செருப்பு வாசலில் இருந்தது. கதவு உள்ளே தாழிட்டிருந்தது. அவருக்குக் காது மந்தம். காகிதத்தின் மேலே புதன்கிழமைத் தேதி. எங்கள் ஊரில் தேதி கேட்கக்கூடிய ஒரே ஆள் அவர்.

யாரும் இல்லை என்றேன். இயந்திரம் கடைசி வீட்டில் இறங்கியது.

கோயிலுக்குப் போயிருப்பார் என்று நினைத்ததாக முதலில் சொன்னேன் அல்லவா, அதை அடித்துவிடுங்கள். இதையும் எழுதிக்கொள்ளுங்கள்: நீதிமன்றம் எங்களைப் பத்தொன்பது மாதம் காக்க வைத்தது. நான் தாமதித்தது ஐந்து நாள்தான்.