மறுவிசாரணைக்கு வந்த உயில்

ராஜேந்திரன் போடும் சுக்குக் காப்பி எனக்கு ரொம்பப் பிடிக்கும் ஐயா. பௌர்ணமிக்குப் பௌர்ணமி அடி அண்ணாமலையில் கடை போடுவான். என்னிடம் காசு வாங்கமாட்டான்.

கிரிவலப் பாதையை ஒட்டி எங்களுக்கு ஒன்றரை ஏக்கர். 1989இல் அப்பா இறந்தார். நிலம் முழுவதும் எனக்கே என்று உயில். தங்கச்சி ஜோதியம்மாள் பாதி கேட்டு வழக்குப் போட்டாள். கெடு தாண்டிய வழக்கு என்று கீழ்க்கோர்ட்டில் தள்ளிவிட்டார்கள். உயிலை யாரும் பிரித்துக்கூடப் பார்க்கவில்லை.

ஏழு வருடம் கழித்து மேல்கோர்ட் அதை ரத்து செய்தது. கெடுவைச் சொல்லித் தள்ளியது தவறு, சாட்சிகளை விசாரித்து, உயில் உண்மையா என்று பார்த்துப் புதிதாகத் தீர்ப்புச் சொல்லுங்கள் என்று திருப்பி அனுப்பிவிட்டது. நியாயமான உத்தரவுதான். நான் குறை சொல்லமாட்டேன்.

உயிலில் சாட்சிக் கையெழுத்து இரண்டு. ஒருவர் காலமாகிவிட்டார். மிச்சம் ராஜேந்திரன்.

வக்கீல் சொன்னார்: “அவரு கூண்டுல ஏறி, உங்கப்பா ரேகை வச்சத பாத்தேன்னு சொல்லணும். மாத்திச் சொன்னா உயில் நிக்காது. ரெண்டு சாட்சியும் செத்திருந்தா வேற மாதிரி. கையெழுத்து அவங்களுதுதான்னு காட்டினாலே போதும்.”

அவர் சாதாரணமாகத்தான் சொன்னார். அவர்மேல் தப்பில்லை.

ராஜேந்திரனைக் கேட்டேன். “அன்னிக்கு நீ சொன்னன்னு போட்டுட்டேண்ணா. சத்தியம் பண்ணிட்டு பொய் சொல்ல என்னால முடியாதுண்ணா. ஜோதியும் எனக்குத் தங்கச்சி மாதிரிதான்” என்றான். நான் வற்புறுத்தவில்லை. நல்லவனை வற்புறுத்துவது பாவம்.

மறுவாரம், காலை பத்து மணி இருக்கும், நிலத்துக்குக் கூப்பிட்டேன். மோட்டார் கொட்டகையைச் சுற்றித் தண்ணீர் பாய்ச்சி வைத்திருந்தேன். செருப்பைக் கழற்றிவிட்டுத்தான் அவன் சேற்றில் இறங்குவான். சுவிட்சுப் பெட்டியில் ஒரு வயரை மட்டும் மாற்றியிருந்தேன்.

“மோட்டாரப் போடு ராஜேந்திரா.”

“போடறேண்ணா.”

அவ்வளவுதான். ரொம்ப நேரம் கஷ்டப்படவில்லை. பக்கத்திலேயே நின்று பார்த்தேன். அவன் மனைவி பாஞ்சாலைக்கு நான்தான் போய்ச் சொன்னேன். காரியத்துக்குப் பந்தலும் என் செலவு.

வயரைப் பார்த்து நீங்கள் கண்டுபிடித்துவிட்டீர்கள். மறைக்க எதுவும் இல்லை, எழுதிக்கொள்ளுங்கள். ஆனால் உயில் பொய் என்று மட்டும் எழுதாதீர்கள். அதில் இருப்பது அப்பாவின் ரேகைதான். உயிரோடு இருந்தபோது மூன்று முறை கேட்டேன். மூன்று முறையும், “ஜோதிக்குப் பாதிடா” என்றார். மூச்சு நின்று கால் மணி நேரம் ஆகியிருக்கும். கை சூடாகத்தான் இருந்தது. ராஜேந்திரன் மைப்பெட்டியைப் பிடித்துக்கொண்டான்.

நான் விரலை எடுத்து வைத்தேன். அப்போது அப்பா மறுக்கவே இல்லை ஐயா.