ஐந்தாவது மேசை

மதியச் சாப்பாட்டைத் தனியாகச் சாப்பிட எனக்குப் பிடிக்காது. அது குற்றமில்லை, நீதிபதி மேடம். இருந்தாலும் உங்கள் எழுத்தர் அங்கிருந்து தட்டச்சு செய்யத் தொடங்கினால், மற்றதெல்லாம் தானாக வரிசைக்கு வந்துவிடும்.

பெயர் ஃபுல்வியோ கிபௌதோ. துரின் நகரப் பல்கலைக்கழகம் ஒன்றில், புள்ளியியல் துறையில் ஆராய்ச்சியாளன். மணமாகவில்லை. ஒரு பூனை இருந்தது. எதிர்வீட்டில் மீன் சமைக்கிறார்கள் என்று அதுவும் குடிபெயர்ந்துவிட்டது. நான் தடுக்கவில்லை. அப்போது எனக்கு அனுபவம் போதாது.

எங்கள் உணவகத்தில், ஹீட்டரை ஒட்டி, இரண்டு பேர் மட்டும் உட்காரக்கூடிய மேசை ஒன்று உண்டு. நானும் நீவெஸ் ரொஸ்தாஞ்ஞோவும் ஆறு வருடங்களாக அங்கேதான் சாப்பிட்டோம். நீவெஸும் எங்கள் துறைதான், என்னைவிடப் பதினைந்து வயது இளையவர். மலைக்குகைகளில் வௌவால்களின் குரலைப் பதிவு செய்து வந்து வகை பிரிப்பது அவர் வேலை. அவர் பேசுவார், நான் கேட்பேன். சூப்பில் உப்பு குறைவு என்பார், நான் உப்பை நகர்த்துவேன். இதைவிட ஆழமான உறவை நான் கண்டதில்லை.

வகை பிரிக்க அவர் பயன்படுத்திய மென்பொருள் என்னுடையது. தவொலாத்தா. ஊரே ஒன்றாக உட்கார்ந்து சாப்பிடும் நீள மேசைக்கு நாங்கள் சொல்லும் பெயர். எழுதியதும் நான், பராமரிப்பதும் நான். உலகம் முழுக்க இலவசமாக இறக்கிக்கொள்ளலாம்.

அது என்ன செய்யும் என்று கேட்டீர்கள். உங்களிடம் ஒரு குவியல் இருக்கிறது. நோயாளிகளோ, வாக்காளர்களோ, பாலாடைக்கட்டிகளோ, எதுவானாலும் சரி. அதில் எத்தனை வகை? பழைய ஆட்கள் முதலிலேயே மூன்று என்று சொல்லிவிட்டு, மூன்று கூடைகளில் திணிப்பார்கள். நாங்கள் பேயீசியம் என்ற புள்ளியியல் முறைக்காரர்கள், அதிலும் கொஞ்சம் சுத்தபத்தமான பிரிவு. எண்ணிக்கையை முன்கூட்டி முடிவு செய்யாதே, தரவே சொல்லட்டும் என்பது எங்கள் வேதவாக்கு.

ஓர் உணவகத்தை நினைத்துக்கொள்ளுங்கள். நாங்களும் அப்படித்தான் நினைக்கிறோம், பாடப்புத்தகத்திலேயே அப்படித்தான் இருக்கிறது. மேசைகளுக்கு முடிவே இல்லாத உணவகம். உள்ளே வருகிறவர் தன் ருசிக்கு ஒத்த, கூட்டம் சேர்ந்த மேசைக்குத்தான் பெரும்பாலும் போவார். ஆனாலும் யாருமே உட்காராத புது மேசையில் போய் உட்காரவும் அவருக்கு எப்போதும் சின்னதாக ஒரு வாய்ப்பு உண்டு. ஒரு மேசை, ஒரு வகை. அந்தச் சின்ன வாய்ப்புதான் எங்கள் தொழிலின் மானம்.

பிப்ரவரியில் ஒரு மதியம் நீவெஸ் தட்டைத் தொடாமல் உட்கார்ந்திருந்தார். கண் இரண்டும் பளபளத்தன.

"அஞ்சு, ஃபுல்வியோ."

"எது அஞ்சு?"

"அந்தப் பள்ளத்தாக்குல நாலு இனந்தான்னு எல்லாரும் சாதிச்சுட்டு இருந்தாங்கல்ல? அஞ்சாவதா ஒருத்தன் கத்திட்டு இருக்கான். உங்க தவொலாத்தாதான் தனி மேசை போட்டு அவனை உக்கார வச்சுது. யாருக்குமே தெரியாத இனமாக்கூட இருக்கலாம்."

"நல்லது. உப்பு வேணுமா?"

"உப்பைத் தூக்கிக் குப்பையில போடுங்க. பெர்கன்ல இருந்து கூப்பிட்டுட்டாங்க. நார்வே. நிரந்தர வேலை. கட்டுரையைச் சரிபாக்கற ரெஃப்ரீ ஒருத்தர் என் தரவை ஓட்டிப் பாத்து, ஆமா அஞ்சுதான்னு சொல்லிட்டா போதும். செப்டம்பர்ல பெட்டியைக் கட்டிடுவேன்."

வாழ்த்துச் சொன்னேன். மனதாரத்தான் சொன்னேன்.

எங்கள் துறையில் ஒரு விதி உண்டு. உங்கள் கணினியில் என்ன வந்தது என்பது கணக்கில்லை. பொதுவில் கிடைக்கும் கடைசிப் பதிப்பில், வேறொருவர் ஓட்டினாலும் அதுவே வரவேண்டும். ஏமாற்று வேலையைத் தடுக்கும் நல்ல விதி. அதைக் கொண்டுவந்தபோது கூட்டத்தில் முதல் ஆளாகக் கையைத் தூக்கியவன் நான்.

அன்று பிற்பகல் புதிய பதிப்பை வெளியிட்டேன். நிரலில் ஒரே ஒரு வரிதான் மாற்றம். நான்கு மேசைகள் நிரம்பியதும் புது மேசைக்கான வாய்ப்பு பூஜ்யம். அதற்குப் பிறகு வருகிறவர், இருக்கிற நான்கில் எது கொஞ்சமாவது ஒத்துப்போகிறதோ அங்கே இடித்துப் பிடித்து உட்கார வேண்டியதுதான். பதிப்புக் குறிப்பில் 'முடிவுகளின் நிலைத்தன்மை மேம்படுத்தப்பட்டுள்ளது' என்று எழுதினேன். அதில் பொய் இல்லை. நான்கைவிட நிலையான எண் எது?

ரெஃப்ரீக்கு நான்கு வந்தது. மறுபடி ஓட்டினார். நான்கு. பெர்கன்காரர்கள் மரியாதையாக முடிவை ஒத்திவைத்தார்கள்.

நீவெஸ் ஆறிப்போன சூப்பின் முன் உட்கார்ந்திருந்தார். "எனக்கே என் காது மேல நம்பிக்கை போச்சு."

"வௌவால்தானே, விடுங்க."

"வௌவால்தானேவா? இடுப்பளவு தண்ணியில நின்னு, தலையில அதுங்க எச்சம் போட, எத்தனை வருஷம்... வௌவால்தானேங்கறீங்க."

என் ஆரஞ்சை உரித்து அவர் பக்கம் நகர்த்தினேன். அன்று அவர் எழுந்து போக வழக்கத்தைவிட நெடுநேரமாயிற்று. என் வாழ்க்கையின் நல்ல மதியங்களில் அதுவும் ஒன்று.

ஒன்றை மட்டும் நான் யோசிக்கவில்லை. தவொலாத்தாவை வேறு ஆட்களும் இறக்கிக்கொள்வார்கள். கோடைக்குள் உலகத்தில் எல்லாமே நான்கு வகையாகிவிட்டது. எங்கோ ஒரு மருத்துவமனையில் தலைவலி நான்கு வகை. ஒரு வங்கியில் கடனைக் கட்டாதவர்கள் நான்கு வகை. யாரோ ஓர் அம்மையார் மனைவியை இழந்த கணவர்களை ஆராய்ந்து, அவர்களும் நான்கு வகை என்று கண்டுபிடித்தார். புகார் வரும் என்று காத்திருந்தேன். நன்றிக் கடிதங்கள்தான் வந்தன. 'முன்பெல்லாம் பதினொன்று வரும், எங்கள் இயக்குநர் எரிந்து விழுவார். இப்போது நான்கு நிறத்தில் அழகாக முடிகிறது' என்று எழுதினார்கள். உலகத்தில் புதிதாக எதுவுமே கண்டுபிடிக்கப்படவில்லை. யாரும் அதைக் கவனிக்கவும் இல்லை. சொல்லப்போனால் எனக்குக் கொஞ்சம் வருத்தமாகத்தான் இருந்தது.

எங்கள் துறைத் தலைவர் பேராசிரியர் பெல்த்ராமோ ஒருபடி மேலே போனார். இயற்கை ஏன் நான்கோடு நின்றுவிடுகிறது என்பதற்கு ஒரு தேற்றம் எழுதினார். என் ஒரு வரிக்கு அவர் அறுபது பக்க நிரூபணம். உட்கார்ந்து வரி வரியாகச் சரிபார்த்தேன். பிழையே இல்லை. இன்றுவரை எனக்கு விளங்காத விஷயம் அது ஒன்றுதான்.

இனி காளானுக்கு வருகிறேன். நீங்கள் பொறுமையாகக் கேட்கிறீர்கள், நன்றி.

பெல்த்ராமோ தம் கிராமத்துக் காளான் சங்கத்துக்கும் தலைவர். அக்டோபரில் சங்க விருந்து நடக்கும். உறுப்பினர்கள் காட்டில் பறித்து வருவதைச் சுகாதார அலுவலகத்துக் காளான் பரிசோதகரிடம் காட்டி, அவர் தள்ளியது போக மிச்சத்தைச் சமைப்பது வழக்கம். இந்த வருடம் பேராசிரியருக்குத் தன்மானம் வந்துவிட்டது.

"என்னப்பா ஃபுல்வியோ, வகை பிரிக்கறதுக்கே வாழ்க்கையைக் கொடுத்தவன் நான். கூடையைத் தூக்கிக்கிட்டு ஒரு ஆபீஸ் ஜன்னல் முன்னாடி நிக்கணுமா?"

"அதானே, ப்ரொஃபஸர்."

குடையின் அகலம், தண்டின் நீளம், அடிப்புறத்து நிறம், வாசனை என்று எல்லாவற்றையும் அளந்து தவொலாத்தாவில் போட்டார்கள். நான்கு வகை வந்தது. ஒவ்வொரு வகையிலும் ஒன்றிரண்டை எடுத்துப் படத்தோடு ஒப்பிட்டார். நான்குமே சாப்பிடக்கூடியவை. திரையை என் பக்கம் பெருமையாகத் திருப்பினார்.

பார்த்தேன். மூன்று கூட்டங்கள் ஒழுங்காகத் திரண்டிருந்தன. நான்காவது மட்டும் ஒரு பக்கம் பிதுங்கிக்கொண்டு, இருவர் இருக்கையில் மூவர் உட்கார்ந்தது போல இருந்தது. அந்தப் பிதுங்கலை எனக்குத் தெரியும். அதைச் செய்தவனே நான்தான். அங்கே ஐந்தாவதாக ஏதோ ஒன்று, தனக்கு மேசை கிடைக்காமல், நல்ல காளானோடு நெருக்கி உட்கார்ந்திருந்தது.

"அழகா இருக்கு, ப்ரொஃபஸர்" என்றேன்.

விருந்துக்கு என்னையும் அழைத்தார். நீவெஸ் மனமொடிந்து போயிருக்கிறாரே என்று அவரையும் கூட்டிவந்தார். அவர் வருவார் என்று யாரும் என்னிடம் சொல்லியிருக்கவில்லை. மேயர், பாதிரியார், இசைக்குழு என்று பள்ளிக்கூட மைதானத்தில் நீள மேசை. சோளக் களி மேல் காளான் குழம்பு. நான் வயிறு சரியில்லை என்று பாலாடைக்கட்டி வாங்கிக்கொண்டேன்.

நீவெஸின் தட்டு வந்ததும் என் முழங்கை பட்டுவிட்டது. தட்டு கீழே விழுந்தது. எல்லோரும் சிரித்தார்கள். வேறு தட்டு வந்தது. மறுபடி முழங்கை பட்டுவிட்டது.

"என்ன ஃபுல்வியோ, கையில எலும்பு இருக்கா, இல்ல அதுவும் களியா?"

"என் கட்டியை எடுத்துக்குங்க. காளான் வேண்டாம்."

"ஏன்?"

"சும்மா. வயிறு."

"யார் வயிறு?"

என் கட்டியில் பாதியை வெட்டி நீவெஸ் பக்கம் நகர்த்தினேன். மேசையின் அந்தக் கோடியில் பெல்த்ராமோ எழுந்து, பரிசோதகர் இல்லாமல் நடக்கும் முதல் விருந்து என்று கோப்பையைத் தூக்கினார். நானும் தூக்கினேன்.

மறுநாள் இருபது பேர் மருத்துவமனையில் இருந்தார்கள். யாரும் சாகவில்லை, அதைத் தெளிவாகப் பதிவு செய்யுங்கள். ட்ரம்போன்காரர் இன்னும் ஊத முடியாமல் இருக்கிறார். அக்கம்பக்கத்தார் அதைப் பற்றிப் புகார் சொன்னதாகத் தெரியவில்லை. பாதிரியார் இளைத்து, முன்பைவிட லட்சணமாகிவிட்டார். பேராசிரியரின் ஈரல் மட்டும் இருக்கலாமா போகலாமா என்று இன்னும் யோசித்துக்கொண்டிருக்கிறது. போய்ப் பார்த்தேன். கண்ணெல்லாம் மஞ்சள். என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"தேற்றம் சரிதானேப்பா?"

"சரிதான், ப்ரொஃபஸர்."

"அப்போ அளந்த பயலுங்கதான் தப்பா அளந்திருக்கணும்" என்று நிம்மதியாகத் திரும்பிப் படுத்தார்.

படுக்காதவர்கள் இரண்டே பேர். நானும் நீவெஸும். அவர் புள்ளியியல்காரர் என்பதை நான் கொஞ்சம் மறந்துவிட்டேன். வௌவால் குரல், ஹேசல்கொட்டை எடை, மணிக்கூண்டு உயரம், பேராசிரியர்களின் செருப்பளவு என்று ஒன்றுக்கொன்று ஒட்டுமில்லாத உறவுமில்லாத ஏழு குவியல்களைத் தாமே கலந்து, ஏழு என்ற விடையைக் கையில் வைத்துக்கொண்டு, தவொலாத்தாவில் போட்டார். நான்கு வந்தது. மணிக்கூண்டுகளும் செருப்புகளும் ஒரே மேசையில் உட்கார்ந்திருந்தன. அதன் பிறகு நிரலைத் திறந்து படித்தார். இத்தனை ஆயிரம் பேர் பயன்படுத்தும் நிரல். திறந்து படித்த முதல் ஆள் அவர்தான்.

மதியம் ஹீட்டர் மேசைக்கு வந்தார். கையில் தட்டு இல்லை, கணினி இருந்தது.

"ஒரு தடவை முழங்கை பட்டா விபத்து. ரெண்டு தடவை பட்டா அது தகவல். இந்த வரியை எழுதினது யாரு?"

"நான்."

"எப்போ?"

"பிப்ரவரியில."

"நான் அஞ்சுன்னு சொன்னப்பவா?"

"அதுக்கப்புறம். அன்னைக்கு சாயங்காலத்துக்குள்ள."

"ஏன்?"

"நீங்க போயிட்டா இந்த மேசையில யாரு உக்காருவா?"

அவர் கணினியை மூடினார். பிறகு மிக மெதுவாகப் பேசினார்.

"குகையில இருந்து நேரா வருவேன், ஃபுல்வியோ. உடம்பெல்லாம் வெடவெடன்னு நடுங்கும். இந்த மேசைக்குத்தான் ஹீட்டர் எட்டும். அதனால உக்காந்தேன். வேற ஒண்ணுமே இல்ல."

கோபத்தில் சொன்னது. ஜூன் மாதங்களிலும் அவர் அங்கேதான் உட்கார்ந்தார். ஜூனில் ஹீட்டர் ஓடாது. தரவு என் பக்கம் இருக்கிறது.

மற்ற இருபது பேரை ஏன் எச்சரிக்கவில்லை என்று மூன்றாவது முறையாகக் கேட்கிறீர்கள். எச்சரித்தால் காரணம் கேட்பார்கள். காரணம் சொன்னால் வரியைக் காட்ட வேண்டும். வரி போனால் ஐந்து வந்துவிடும். ஐந்து வந்தால் பெர்கன். ஒரு தட்டில் இருபது வயிறுகள், இன்னொரு தட்டில் நீவெஸ். நிச்சயமின்மையை எடைபோடுவதுதான் என் தொழில். போட்டேன். அந்த இருபது பேரில் ஒருவர்கூட என்னோடு மதியம் சாப்பிடுகிறவர் இல்லை.

ஆகவே முழுதாகவே எழுதிக்கொள்ளுங்கள். வரியை மாற்றியது நான். குழம்பில் ஆகாதது ஒன்று இருக்கிறது என்று தெரியும். தெரிந்துதான், அவர்கள் இரண்டாம் முறை கேட்டு வாங்கிச் சாப்பிட்டதையும் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். பாலாடைக்கட்டி நன்றாக இருந்தது.

வரியை நீக்கியாயிற்று. ரெஃப்ரீக்கும் இப்போது ஐந்து வருகிறதாம். நீவெஸ் ஞாயிற்றுக்கிழமை கிளம்புகிறார். இன்று காலை உங்களிடம் வாக்குமூலம் கொடுத்துவிட்டு வெளியே வந்தவர், நடையில் இரண்டு காவலர்களுக்கு நடுவே உட்கார்ந்திருந்த என்னைப் பார்த்து நின்றார். "உங்க மேல எனக்குக் கோபம்கூட வரல, ஃபுல்வியோ" என்று சொல்லிவிட்டுப் போனார்.

கோபமில்லை, மேடம். அவர் வாயாலேயே சொன்னார். நார்வேயிலிருந்து விமானத்தில் அரை நாள் பயணம்தான். சிறையில் பார்வையாளர்களை எத்தனை மணிக்கு விடுவார்கள்? மதியமாக இருந்தால் நல்லது.