ரீஸ்டார்ட் ஆகாத சர்வர்

இந்த நாற்காலிக்கு ஒரு கால் குட்டை, தம்பி. ஒரு தாளை மடித்துக் கொடுத்தீர்கள் என்றால் அடியில் வைத்துவிடுவேன். ஆடுகிற பொருள் ஒன்று இருக்கும்போது என்னால் சும்மா உட்கார முடியாது. சின்ன வயதிலிருந்தே அப்படித்தான். நீங்கள் டீயைக் குடியுங்கள், ஆறிப்போகிறது. நான் எல்லாவற்றையும் சொல்கிறேன். நடுநடுவே எழுந்து நடந்தால் தப்பாக எடுத்துக்கொள்ளாதீர்கள்.

முதியோர் இல்லத்தின் கம்ப்யூட்டர்களைப் பார்த்துக்கொள்வது என் வேலை. நினைவு தப்பியவர்கள் இருக்கும் பின்பகுதியில் என் அப்பாவும் இருந்தார். அவரை அங்கே சேர்த்த பிறகுதான் நானும் அங்கே வேலை கேட்டுச் சேர்ந்தேன். பெற்றவரை ஓரிடத்தில் விட்டுவிட்டு வேறு எங்கோ போய் யார் கம்ப்யூட்டரையோ தட்டிக்கொண்டிருக்க மனசு வரவில்லை.

அப்பாவுக்கு என்னை அடையாளம் தெரியாது. மெக்கானிக்கம்மா என்று கூப்பிடுவார். மரியாதையாகத்தான் கூப்பிடுவார், குறை சொல்லக்கூடாது. என் தங்கையை மட்டும் அவர் மறக்கவில்லை. அவளைக் குட்டி என்பார். குட்டி வேறு ஊரில் இருந்தாள். வருஷத்தில் ஒரு தரம் பழக்கூடையைத் தூக்கிக்கொண்டு பஸ்ஸில் வருவாள், அழுவாள், போய்விடுவாள். நான்தான் அவருக்கு நகம் வெட்டுவேன், தினமும் கண்ணாடி துடைப்பேன், சோற்றைப் பிசைந்து ஊட்டுவேன்.

பின்கதவுக்கு எதிரே சாலை, சாலையைத் தாண்டினால் பஸ் ஸ்டாப். அப்பா நாள் முழுக்க அந்தக் கதவருகேதான் நிற்பார்.

"மெக்கானிக்கம்மா, கதவைக் கொஞ்சம் திறந்து விடும்மா. குட்டி பஸ் ஸ்டாப்புல நிக்கிறா."

"குட்டி இன்னைக்கு வரலப்பா."

"உனக்கு எப்படித் தெரியும்? நீ என்ன கண்டக்டரா?"

கூடவே ஒருவர் நிற்பார். அந்தக் காலத்தில் தையல்காரர். எதிரில் வருகிறவர்களை எல்லாம் சாண் போட்டு அளப்பார். "இந்தம்மாவுக்கு இடது தோள் இறங்கிப் போச்சு. என்ன தச்சுக் குடுத்தாலும் ஒக்காராது," என்பார். அப்பா விழுந்து விழுந்து சிரிப்பார். நானும் சிரிப்பேன். என்னைப் பார்த்து அப்பா சிரிக்கிற சமயம் அது ஒன்றுதான்.

அந்தக் கதவுக்கு மின்பூட்டு. பூட்டும், எல்லாக் கம்ப்யூட்டருக்கும் தலைமையான சர்வரும் ஒரே கயிற்றில் கட்டிய மாடுகள் மாதிரி. சர்வர் நின்றால் பூட்டு அவிழும். புது சர்வர் சிஸ்டம் இருக்கிறதே, அது அப்டேட் என்று எதையாவது இறக்கிக்கொண்டு, யாரையும் கேட்காமல் ரீஸ்டார்ட் ஆகும். அது மறுபடி எழுந்து வருகிற வரைக்கும் பூட்டு விட்டுவிடும். உள்ளே யாரும் மாட்டிக்கொள்ளக் கூடாது என்று அப்படிச் செய்திருக்கிறார்கள். க்ளிக் என்று சத்தம் கேட்கும். அந்தச் சத்தம் அப்பாவுக்குப் பழகிவிட்டது.

இரண்டு தடவை வெளியே போய்விட்டார். இரண்டாம் தடவை நான்தான் ஓடினேன். பஸ் ஸ்டாப்பில் மழையில் நனைந்துகொண்டு நின்றார். "வாங்கப்பா," என்று கையைப் பிடித்தேன். கையை உதறிவிட்டார். "நீ யாரும்மா? என் பொண்ணு வருவா, அவளோடதான் போவேன்," என்றார். பஸ்ஸுக்கு நின்றவர்கள் எல்லோரும் என்னைத்தான் பார்த்தார்கள், ஏதோ பிள்ளை பிடிக்க வந்தவளைப் பார்க்கிற மாதிரி. அதற்காக நான் எதையும் செய்யவில்லை, தம்பி. சாலையில் லாரி போகிறது. பாதுகாப்பு என்று ஒன்று இருக்கிறது அல்லவா.

ஆகவே பழைய சிஸ்டத்தைப் போட்டேன்.

ரீஸ்டார்ட் ஆகும் நேரத்தை மாற்றி வைத்திருக்கலாமே என்று கேட்கிறீர்கள். நியாயமான கேள்வி. மாற்றலாம். அது சின்ன வேலைதான்.

பழையதைப் புது மெஷினில் ஏற்றுவதுதான் பெரிய வேலை. முதலில் ஹார்ட் டிஸ்க்கே இல்லை என்று சாதித்தது. கண்ணெதிரே இருப்பது அதன் கண்ணுக்குத் தெரியவில்லை. அதற்குத் தெரிகிற மாதிரி டிரைவர் என்கிற சின்னப் புரோகிராம் ஒன்றைத் தேடி எடுத்துக் கொடுத்தேன். மெஷினின் அமைப்புகளுக்குள் போய், நீ பழைய மெஷின்தான் என்று அதையே நம்ப வைத்தேன். பாதியில் நீலத் திரை வந்து நின்றது, மறுபடி முதலிலிருந்து. கடைசியில் கெஞ்சி, மிரட்டி, உட்கார வைத்துவிட்டேன். பழைய சிஸ்டத்தில் எனக்குப் பிடித்தது என்னவென்றால், இப்போது அதற்கு அப்டேட் வருவதே இல்லை. வெளியிலிருந்து யாரும் வந்து கதவைத் தட்டமாட்டார்கள். போட்ட இடத்தில் கிடக்கும்.

ஒரே ஒரு விஷயம். தீ அலாரம் அடித்தால் கதவைத் திறந்துவிடும் புரோகிராம் ஒன்று உண்டு. அதைப் போடும்போது ஒரு சின்னப் பெட்டி வந்தது. இந்தப் பதிப்பில் இது இயங்காது என்று எழுதியிருந்தது. அதற்குக் கீழே ஒரே பொத்தான்தான் இருந்தது: சரி. வேறு பொத்தான் இருந்திருந்தால் வேறு மாதிரி யோசித்திருப்பேனோ என்னவோ. சரி என்று அழுத்தினேன்.

கொஞ்ச நாளில் தீ ஒத்திகை வந்தது. மணி அடித்ததும் மேனேஜர் முன்பக்கத்திலிருந்து சத்தம் போட்டார்.

"பின்கதவு திறந்துச்சாம்மா?"

"திறந்திருச்சு சார்."

திறந்துதான் இருந்தது. நான்தான் என் கார்டைக் காட்டித் திறந்து, கையால் பிடித்துக்கொண்டு நின்றேன்.

ஜன்னல் தாழ்ப்பாள் சரியாக விழவில்லை போலிருக்கிறதே. இருங்கள். இப்போது சரி.

அதற்குப் பிறகு குட்டி போன் செய்தாள்.

"அக்கா, அப்பாவ நான் கூட்டிட்டுப் போயிடறேன். நீ இத்தனை வருஷம் பாத்தது போதும்."

"இடம் மாறினா அவருக்கு ஒத்துக்காதுடி."

"என்னைத்தானேக்கா தேடிட்டே இருக்காரு."

"யாரு சொன்னா?"

"மேனேஜர்தான் சொன்னாரு. வர்ற வெள்ளிக்கிழமை வர்றேன். கோவிச்சுக்காத."

நான் கோபித்துக்கொள்ளவில்லை. அவருடைய சட்டைகளை எல்லாம் மடித்து வைத்தேன். பிறகு எடுத்துப் பழையபடி கொடியில் மாட்டினேன். மறுபடி மடித்தேன். அந்த வாரம் முழுக்க எனக்குக் கை ஓயவே இல்லை.

வெள்ளிக்கிழமை மத்தியானம், துணி உலர்த்துகிற மெஷினில் தீப்பிடித்தது. அதை நான் வைக்கவில்லை. அதை மட்டும் சரியாக எழுதிக்கொள்ளுங்கள். உள்ளே பஞ்சு அடைத்திருந்ததாம், அதனால்.

மணி அடித்தபோது சர்வர் அறையில் இருந்தேன். திரையில் கேமராப் படங்கள் ஓடிக்கொண்டிருந்தன. ஒன்றில் நர்ஸம்மா ஆட்களை முன்வாசல் பக்கம் இழுத்துக்கொண்டு போகிறாள். இன்னொன்றில் பின்கதவு. அப்பாவும் தையல்காரரும் நிற்கிறார்கள். அடுத்ததில் பஸ் ஸ்டாப். பஸ் வந்து நின்றது. பழக்கூடையோடு குட்டி இறங்கினாள்.

அப்பா அத்தனை வருஷமாகச் சொல்லிக்கொண்டிருந்தது அன்றைக்கு உண்மையாகிவிட்டது, பாருங்கள்.

என் விசைப்பலகையில் ஒரு விசையைத் தட்டினால் கதவு திறக்கும். விரல் அதன் மேல்தான் இருந்தது. திறந்தால் நேராக அவளிடம் போயிருப்பார். திரும்பிக்கூடப் பார்த்திருக்க மாட்டார். நான் என்ன நினைத்தேன் என்றால், குட்டி சுற்றிக்கொண்டு முன்வாசலுக்குப் போய்விடட்டும், அப்புறம் திறக்கலாம், நானே போய் அப்பாவைக் கையைப் பிடித்து அழைத்து வரலாம் என்று. அவள் அங்கேயே நின்றுவிட்டாள். புகையைப் பார்த்துவிட்டுக் கூடையைப் போட்டுவிட்டுப் பின்கதவை நோக்கி ஓடி வந்தாள். வெளிப்பக்கமிருந்து கதவை அடித்தாள். பழங்கள் சாலையெல்லாம் உருண்டன. அவள் அங்கிருந்து போகவே இல்லை. என்னையும் போக விடவில்லை. அப்படி நிற்கிறவளை வைத்துக்கொண்டு நான் எப்படித் திறப்பது?

நர்ஸம்மா திரும்பி வந்து பார்த்தாளாம், புகை விடவில்லையாம். கை இரண்டும் வெந்துபோய் இருக்கிறாள். நான் நலம் விசாரித்ததாக அவளிடம் சொல்லுங்கள். தையல்காரரை நான் யோசிக்கவே இல்லை. அது என் தவறு, ஒப்புக்கொள்கிறேன். நல்ல மனுஷர், அப்பாவோடு அவரும் போய்ச் சேர்ந்துவிட்டார்.

மற்றதையும் உங்கள் வாக்கியத்திலேயே எழுதிக்கொள்ளுங்கள், கையெழுத்துப் போடுகிறேன். கதவு தானாகத் திறக்காது என்று எனக்குத் தெரியும். என்னால் திறக்கவும் முடியும். திறக்கவில்லை.

ஆனால் ஒன்று, தம்பி. குட்டி அந்தப் பக்கம் அடித்துக்கொண்டிருந்தபோது அப்பா கதவைப் பார்க்கவில்லை. தலையைத் தூக்கிக் கேமராவைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். கையை நீட்டி ஏதோ சொன்னார். அந்தக் கேமராவில் சத்தம் வராது. ஆனாலும் பெற்ற மகளுக்குத் தெரியாதா. அந்த நேரத்தில் அப்பாவுக்கு என்னை அடையாளம் தெரிந்துவிட்டது.