சம்பந்திக்கு முன்னால் மடித்துக் கட்டிய வேட்டி

“ஹலோ… புளோறன்ஸ்? ஓம், அக்காதான்… மெல்லக் கதையடி, மாப்பிள்ளை வீட்டார் வந்திட்டினம்… ஓம், ஓம், சொன்ன நேரத்துக்கே வந்தவை. ஆனா உள்ளுக்கு வரேல்லை. கேற்றடியில நிக்கினம்…”

கொட்டாஞ்சேனை வீட்டின் குசினிக் கதவை முதுகால் சாத்திக்கொண்டு நின்றாள் இமெல்டா. பாயாசம் கிண்டிய அகப்பை இன்னும் கையில்தான். மகள் பேர்ணடெற்றைக் கேட்டு வந்தவர்கள் கோட்டயத்துக் கத்தோலிக்கர். பெடியனின் தகப்பன் கொன்ஸ்ரன்ரைன், கப்பல் கொம்பனி ஒன்றில் மனேஜர், மரியாதை என்றால் மயிரிழை பிசகக் கூடாத மனுஷன். பேர்ணடெற்றுக்கோ அந்தப் பெடியனைத் தவிர வேறு எவரையும் கட்டுகிற எண்ணமில்லை.

“வேற ஆரால, உன்ர அத்தானாலதான்… வெள்ளவத்தையில டிவிடி வாங்கிவந்து பின்னேரம் பின்னேரம் மலையாளப் படம் பாத்தவரெல்லே… ஓம், சம்பந்தி வீட்டுப் பழக்கவழக்கம் படிக்கிறாராம்… அதையேன் கேக்கிறாய், மீன் வாங்கவே விடேல்லை. படத்தில வாழையிலையில மீன் இல்லையாம். கோட்டயத்துக்காரருக்கு மீன் இல்லாமலோ எண்டு கேட்டா, எனக்குச் சினிமா விளங்காதாம்…”

பிறகு நடந்ததை ஒரே மூச்சில் சொல்லித் தீர்த்தாள். கரை வைத்த வெள்ளை வேட்டியோடு கேற்றடிக்குப் போன அவள் புருஷன் ஹியூபேட், கார்க்கதவு திறந்ததும் வேட்டி நுனியைக் காலால் எற்றிப் பிடித்து, முழங்காலுக்கு மேல் மடித்துக் கட்டி, மீசையையும் ஒரு முறுக்கு முறுக்கி, வாங்கோ என்றாராம். படத்தில் வருகிற பெரிய மனுஷரெல்லாம் அப்படித்தானே நிற்கிறார்கள்? கொன்ஸ்ரன்ரைன் உள்ளே வைத்த காலை வெளியே எடுத்துவிட்டார்.

“ஏனடி சிரிக்கிறாய்?… ஆர் சொன்னது, மஸ்கட்டில உன்னோட இருந்த மலையாள நேர்ஸ்மாரோ? ஓம்… ஓம்… மூத்த ஆக்களைக் கண்டா மடிச்ச வேட்டியை இறக்கி விடோணுமோ?… அப்ப மடிச்சுக் கட்டினா?… சண்டைக்கோ? ஐயோ மாதாவே. அதுதான் எந்தப் படத்திலயும் மடிச்சுக் கட்டின கையோட அடிபாடு வந்தது… பொறு, லைன்ல நில்லு. பிள்ளை பேர்ணடெற், ஓடிப்போய் அப்பாவை வேட்டியை இறக்கச் சொல்லு.”

ஜன்னல் சீலையை ஒதுக்கிப் பார்த்தாள். கொன்ஸ்ரன்ரைன் கார்க்கதவில் கை வைத்துவிட்டார்.

“சொல்லிட்டாள்… இறக்கிறார், இறக்கிறார்… ஓம், நல்ல பணிவாத்தான்… புளோறன்ஸ்… முடிச்சும் சேந்து கழண்டு போச்சு… இல்லையடி, பெல்ட் கட்டேல்லை, படத்தில ஆரும் கட்டுறேல்லையாம்… விழேல்லை, விழேல்லை, சம்பந்தி பாய்ஞ்சு பிடிச்சிட்டார்…”

பிடித்த பிடியை விடாமல், தோள் குலுங்கக் குலுங்கச் சிரித்துக்கொண்டிருந்தார் கொன்ஸ்ரன்ரைன்.

“அப்பிடியே அணைச்சுக்கொண்டு வாறார்… ஓம், படியேறீட்டினம்… பிறகு கதைக்கிறன், இப்ப ஒரு பெல்ட் தேடோணும். அந்தாள் கையை எடுத்தா வேட்டியும் போச்சு, கலியாணமும் போச்சு. வையடி போனை.”