அப்பாவின் டெஸ்ட் அக்கவுண்ட்

சேலத்திலிருந்து நாமக்கல் போகும் பேருந்தில், எனக்கு முன்னிருக்கையில் லேப்டாப்போடு ஒருவன். பக்கத்தில் அவனோடு வேலை பார்க்கும் பெண்.

“எங்கப்பா அக்கவுண்டையும் அழிச்சரணுங்களா?” என்று அவன் கேட்டான்.

“நாளைக்கு முட்டை புக்கிங் சைட்டு லைவ் ஆகுதுங்க. டெஸ்ட் அக்கவுண்ட் ஒண்ணுகூட இருக்கக் கூடாது.”

“தோட்டத்துல தனியா இருக்காருங்க. சோதிச்சுப் பாக்கக் குடுத்தேன். தெனம் காலைல ஒரு அட்டை முட்டைக்கு ஆர்டர் போடுவாரு. அதப் பாத்தா எந்திரிச்சுட்டாருன்னு தெரியும். அம்மா போனப்பறம் நாங்க பேசிக்கறதே அவ்வளவுதானுங்க.”

அவன் அழித்தான்.

“அவருகிட்டச் சொல்லிட்டீங்களா?”

“இல்லீங்க. பாஸ்வேர்டைத் தப்பாப் போட்டுட்டோம்னு நெனச்சு, மறுபடி மறுபடி போட்டுப் பாப்பாரு.”

“அஞ்சு தடவை தப்பாப் போட்டா சைட்டே பூட்டிக்குமே.”

“ஆமாங்க. நாந்தான் அப்படி வெச்சேன்.”