நீட்டிய நாக்குக்கு ஒரு சிலை

தொப்பியை மடியில் வைத்துத் தலைமை இருக்கையில் வீற்றிருக்கும் நகரத் தலைவர் அவர்களே, காலடியில் ரம்பத்தைத் துணியில் சுற்றி வைத்திருக்கும் சிலைக் குழுச் செயலாளர் அவர்களே, பீர்க் கோப்பையைக் கீழே வைக்காமலே கைதட்டக் கற்ற பெரியோர்களே, பிள்ளையை இடுப்பிலும் கேக் கூடையைக் கையிலும் சுமந்து வந்திருக்கும் தாய்மார்களே, லிண்டன்ரோடா நகரத்துப் பெருமக்களே, வேதியியலாளர் லோதர் வைக்மானின் பேத்தி உங்களை வணங்குகிறேன்.

என் பின்னால் துணி போர்த்தி நிற்பவர் என் தாத்தா. "உங்க கணவர் எப்படி இருப்பார்?" என்று சிற்பி கேட்டபோது, என் பாட்டி நாக்கை நீட்டிக் காட்டினார். சிற்பியும் அப்படியே வெண்கலத்தில் வடித்துவிட்டார். நகரத்துக்கு இழுக்கு, நாக்கை அறுத்த பிறகே திறப்போம் என்கிறது குழு. அறுப்பதற்குள் பேத்தி நாலு வார்த்தை பேசட்டும் என்று இந்த மேடையைக் கொடுத்தார்கள். அந்த நாக்கைக் காக்கவே வந்திருக்கிறேன்.

அந்தக் காலத்து ஆய்வுக்கூடத்தில் எந்தப் புதுப்பொருளுக்கும் நிறம் எழுத வேண்டும், மணம் எழுத வேண்டும், சுவையும் எழுத வேண்டும். சுவை எழுதாவிட்டால் பேராசிரியர் அறிக்கையை வீசியெறிவார். ஆகவே நக்கினார் தாத்தா. உப்பை நக்கினார், உலோகத்தை நக்கினார், உறைந்ததை நக்கினார், உருகியதை ஆறவைத்து நக்கினார். தேவாலய நிலவறைச் சுவரை நக்கி, வெடியுப்பு என்றார். பாதிரியார் என்ன செய்தார் என்றா கேட்கிறீர்கள்? சந்தேகம் தீர அவரும் ஒருமுறை நக்கிப் பார்த்தார்.

இப்படிப்பட்டவர் அன்றைய நகரத் தலைவர் ஹென்னிங்கின் மகள் ஒட்டீலியை, அதாவது என் பாட்டியை, விரும்பினார். ஞாயிறுதோறும் காப்பிக்கு வரும் மாப்பிள்ளையின் கண் குளிரட்டும் என்று வரவேற்பறைச் சுவரெங்கும் பச்சைக் காகிதம் ஒட்டினார் ஹென்னிங். பார்த்தவர் மறக்க முடியாத பச்சை. பகலெல்லாம் அங்கே தையலோடு உட்கார்ந்திருந்த ஒட்டீலிக்கு முடி உதிர்ந்தது, மூச்சு முட்டியது. கடற்கரைக்கு அனுப்பினால் தேறினார், திரும்பினால் சாய்ந்தார். குடும்ப மருத்துவர் யோசித்தார். வைக்மான் வரத் தொடங்கியதும் வந்த வியாதி, வைக்மான் இல்லாத கடற்கரையில் போகிறது. எனவே வியாதியின் பெயர் வைக்மான்.

இனி வராதீர்கள் என்று சொல்லவே அந்த ஞாயிறு ஹென்னிங் காத்திருந்தார். தாத்தா வந்தார். ஒட்டீலியின் வெளிறிய முகத்தைப் பார்த்தார், அதன் பின்னாலிருந்த பச்சையைப் பார்த்தார். நேரே போய்ச் சுவரை நக்கினார்.

"என்னங்க வைக்மான், என்ன பண்றீங்க?"

"செம்பு ருசி அடிக்குதுங்க."

"ஏம்ப்பா, தட்டுல ஆப்பிள் கேக் இருக்கே, பசின்னா கேட்டிருக்கலாம்ல?" என்றார் ஒட்டீலியின் அம்மா.

தாத்தா காகிதத்தில் ஒரு முனையைக் கிழித்து, காப்பிப் பாத்திரத்தின் கீழிருந்த விளக்கில் காட்டினார். அறையெங்கும் பூண்டு நாற்றம்.

"எங்க வீட்ல பூண்டே சேர்க்கிறதில்லையே," என்றார் அம்மா.

"அதான் பயமா இருக்குங்க. எரிச்சா பூண்டு நாத்தம் அடிச்சா அது பாஷாணம். உங்க பொண்ணு தினம் இதைத்தான் சுவாசிக்கிறாங்க."

"தலைநகர்லருந்து வரவழைச்ச காகிதம்யா இது. சுவத்தை நக்குறவனுக்கா பொண்ணைக் குடுப்பேன்? கிளம்பு."

தாத்தா தொப்பியை எடுத்தார். அப்போது ஒட்டீலி எழுந்தார். நிற்க முடியாமல் நாற்காலியைப் பிடித்துக்கொண்டுதான் எழுந்தார்.

"அப்பா, சந்தேகம் ரெண்டு பேர் மேல. ஒண்ணு இவரு, இன்னொண்ணு சுவரு. ரெண்டையும் ஒண்ணா விட்டா எது குத்தம்னு எப்படித் தெரியும்? நான் கீழ சமையல்கட்டுல, முட்டைக்கோஸ் பீப்பாய்க்குப் பக்கத்துல இருந்துக்கிறேன். இவரு வழக்கம்போல வரட்டும். நான் செத்தா இவரு, பிழைச்சா சுவரு."

"காப்பியைக் கீழயே கொண்டுபோறேன்," என்றார் அம்மா.

பெருமக்களே, ஆய்வு என்றால் இதுவல்லவா ஆய்வு? குளிர்காலம் முழுவதும் புளித்த முட்டைக்கோஸ் மணத்தில் காதல் நடந்தது. பனி உருகியபோது ஒட்டீலி மாடிப்படியில் ஓடி ஏறினார். ஹென்னிங் மூக்கில் ஈரத்துணி கட்டி, மனைவியின் கையுறையை மாட்டிக்கொண்டு, அத்தனை பச்சையையும் தம் கையாலேயே உரித்தார். திருமணத்தில் தாத்தா மோதிரத்தை நக்கிப் பார்த்துவிட்டுத்தான் அணிவித்தார். பாதிரியார் ஆட்சேபிக்கவில்லை.

முன்வரிசைப் பெரியவர் ஒருவர், "வாயை மூடிட்டு மரியாதையா நிக்கலாமேம்மா," என்கிறார். நிற்கலாம் ஐயா. அந்த அறைக்கு வந்த விருந்தினர் எல்லோரும் மரியாதையானவர்கள்தாம். அழகான பச்சை என்று பாராட்டிவிட்டுப் போனார்கள். மரியாதை கெட்டு நடந்தவர் ஒருவரே. அந்த ஒருவரால் பாட்டி பிழைத்தார், என் தந்தை பிறந்தார், நான் உங்கள் முன் நிற்கிறேன். எந்த நாக்கை அறுக்கப் போகிறீர்கள்?

இதோ கயிற்றை இழுக்கிறேன். துணி விழுந்ததும், ரம்பம் வேண்டுமென்பவர்கள் வாயை மூடியிருங்கள். வேண்டாமென்பவர்கள், தாத்தாவுக்கு அவர் வழியிலேயே வணக்கம் செலுத்துங்கள்.

நன்றி தாய்மார்களே, தெரிகிறது. நன்றி பெரியோர்களே, பீர் நுரையோடு தெரிகிறது. செயலாளர் அவர்களே, ரம்பத்தை வீட்டுக்கு எடுத்துச் செல்லலாம், ஏனெனில் தலைவர் அவர்களும் நீட்டிவிட்டார்.

அவரைப் பார்த்தபடியே, நானும் நீட்டி விடைபெறுகிறேன்.