கேற்றடி நிழல்

முல்லைத்தீவிலிருந்து கொக்கிளாய் போகும் பஸ்ஸில் எனக்கு முன் இருக்கையில் ஒரு கணவனும் மனைவியும் இருந்தார்கள். அவர் காவலாளி உடுப்பில் இருந்தார். அவள் மடியில் மரக்கறிப் பை.

"இஞ்சேருங்கோ, நாளைக்கு நாங்கள் உங்கட கேற்றடியில வந்து கத்தப்போறம். உங்கட சாப்பாட்டையும் அப்பவே கொண்டு வரட்டோ?" என்று அவள் கேட்டாள்.

"கொண்டு வாவன். காலமை கட்டினா சோறு பழுதாப் போகும்."

கடற்கரையில் பெயின்ற் செய்ய உதவும் இல்மனைட் என்ற கறுப்பு மண்ணை அள்ளும் இடத்தின் கேற்றைத்தான் அவர் காக்கிறார் என்பதும், அதை எதிர்த்து ஊர்ச்சனம் நாளைக்கு அங்கே போராடப்போகிறது என்பதும் போகப்போக விளங்கியது.

"கரையை முழுக்க அள்ளினா என்ர அண்ணாக்கள் எங்க நிண்டு வலை இழுக்கிறது?" என்று அவள் கேட்டாள்.

"எனக்குத் தெரியாதே? மண்ணை மண்ணாவே கப்பலில ஏத்தாமல் இங்கயே ஒரு பெயின்ற் ஃபக்டரி போட்டாலும் எங்கட பிள்ளையளுக்கு வேலை கிடைக்கும். அதையும் சேர்த்துக் கத்துங்கோ."

"நீங்களே வந்து கத்துங்கோவன்."

"நானும் கத்தினா கேற்றை ஆர் பூட்டிறது?"

இருவரும் சிரித்தார்கள். பிறகு அவர் குரலைத் தணித்தார்.

"வலப்பக்கமா நில். அங்க மட்டும்தான் வேம்பு நிழல் இருக்கு."

அவள் அவருடைய கொலரில் ஒட்டியிருந்த கறுப்பு மண்ணைத் தட்டிவிட்டாள்.

"ஓம். ஆனா என்னைப் பார்த்துச் சிரிச்சுப்போடாதேங்கோ. பிறகு எனக்குக் கத்த வராது."